சொல்லும் நிலையில் இல்லை

பிப்ரவரி 6

அன்புள்ள அண்ணாவுக்கு,

இங்கே மூவரும் சுகம். உங்கள் முதுகுவலி எப்படி இருக்கிறது? நாற்காலியை மாற்றச் சொன்னேனே, மாற்றினீர்களா?

புத்தகம் வந்தது. நீங்கள் அனுப்பும் முன்பே பஸ் ஸ்டாண்டு கடையில் தொங்கிக்கொண்டிருந்தது. அட்டையில் ஒரு கிரேன், அதன் கொக்கியில் ஒரு துப்பாக்கி. எங்கள் சட்டைக் கம்பெனியில் காலர் தைக்கும் பெண்கள் ஒரே பிரதியை நாலாகக் கிழித்து, மாற்றி மாற்றிப் படிக்கிறார்கள். கடைசித் துண்டை முதலில் வாங்கியவள் துரோகி யாரென்று உளறிவிட்டு முதுகில் நாலு அடி வாங்கினாள்.

நானும் படித்தேன். 'இரும்புக் கழுத்து' என்ற தலைப்பு நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அண்ணா, யார் அந்தத் துரோகி? துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறான். இடது தோள் இறங்கியிருக்கிறது. சுமையை இறக்கும்போது மூக்கால் பாடுகிறான். டீயைப் பச்சைத்தண்ணீர் ஆகும்வரை ஆறவிட்டுக் குடிக்கிறான். வேலை முடிந்து இறங்கும்போது கேபின் விளக்கை அணைக்காமல் வருகிறான். உங்கள் மாப்பிள்ளையை அப்படியே தூக்கிக்கொண்டு போய்ப் பெயரை மட்டும் மாற்றியிருக்கிறீர்கள்.

நீங்கள் கேட்டீர்கள் என்றுதான் இதையெல்லாம் எழுதினேன். விளக்கு எதற்கு என்பதையும் சேர்த்தே எழுதினேன். கிரேன் ஏணியில் ஒரு படி இல்லை. சங்கம் கேட்டுக் கேட்டு வாய் வலித்துப்போனது. அடுத்து ஏறுகிறவன் இருட்டில் வெறும் காற்றில் கால் வைக்கக்கூடாது என்று அவர் விளக்கை எரியவிட்டு வருகிறார். நீங்கள் அந்த விளக்கைக் கடலுக்கடியில் ஒளிந்திருக்கும் எதிரிக் கப்பலுக்குக் காட்டிவிட்டீர்கள். படியைப் பற்றி ஒரு வரி கிடையாது.

அவரிடம் சொன்னேன். "விடு. மச்சான் என்னை வில்லனாவாவது சேர்த்துக்கிட்டாரே. நம்ம கல்யாண போட்டோவிலேயே எனக்குப் பாதித் தலைதான்" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பின்னட்டையில் 'பெயர் சொல்ல இயலாத துறையொன்றில் பல்லாண்டு பணியாற்றியவர்' என்று போட்டிருக்கிறது. குடிநீர் வாரியத்தில் வீடு வீடாகப் போய் மீட்டர் படித்தீர்கள். அந்தப் பெயரைச் சொல்ல என்ன கூச்சம்?

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தங்கை

*

பிப்ரவரி 27

பாசமுள்ள பாப்பாவுக்கு,

இங்கே நலம். முதுகுவலி குடியிருப்பவன் மாதிரி நிரந்தரமாகிவிட்டது. காலி செய்யச் சொல்லி அலுத்துவிட்டேன். சின்னவள் நன்றாகப் படிக்கிறாளா?

உன் கடிதத்தைப் படித்து வாய்விட்டுச் சிரித்தேன். நீ விமர்சகராகப் போயிருந்தால் என்னைப் பட்டினி போட்டிருப்பாய். எனக்கு ஒரு தோள் தேவைப்பட்டது. வீட்டில் இருந்ததை எடுத்துக்கொண்டேன். உடைந்த படியைப் பற்றியும் எழுதியிருக்கலாம்தான். ஆனால் உடைந்த படியைப் படிக்க எவன் கடைக்கு வருவான்?

பின்னட்டை விஷயம் பதிப்பாளரின் வேலை. நான் யாரிடமும் பொய் சொன்னதில்லை. மூன்றாவது புத்தகம் வந்தபோது ஒரு பத்திரிகைக்காரர் கேட்டார்: "இவ்வளவு விவரம் எப்படித் தெரியும்? உளவுத்துறையில் இருந்தீர்களா?" எனக்கு அன்று கடைவாய்ப் பல்லில் உயிர் போகிற வலி. வாயைத் திறக்க முடியாமல் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தேன். மறுநாள் 'மௌனமே பதில்' என்று கொட்டை எழுத்தில் வந்தது. அந்த வாரமே புத்தகம் தீர்ந்துபோனது. அன்றிலிருந்து யார் கேட்டாலும் ஒரே வரி: "அதைப் பற்றிச் சொல்லும் நிலையில் நான் இல்லை." இப்போது வாசகர்கள் என்னைக் கர்னல் என்கிறார்கள். மழையிலும் கூலிங்கிளாஸ். ஹோட்டலில் வாசலைப் பார்த்த நாற்காலி கிடைத்தால்தான் உட்கார்கிறேன். இல்லாவிட்டால் கூட வருகிறவர்களுக்கு ஏமாற்றமாகிவிடுகிறது.

மீட்டர் கதையை யாரிடமும் எடுக்காதே, பாப்பா.

ஒரு நல்ல செய்தி. உங்கள் துறைமுகப் பாதுகாப்பு அலுவலகத்துக்கு ஒரு பிரதியைக் கையெழுத்திட்டு அனுப்பியிருக்கிறேன். எல்லோருக்கும் எழுதிக்கொடுக்கிற வாசகம்தான்: 'நான் எழுதாமல் விட்டதை நீங்கள் கண்டுபிடியுங்கள்.' தங்கையின் கணவர் அங்கேதான் வேலை செய்கிறார் என்றும் ஒரு வரி சேர்த்தேன். இனி மாப்பிள்ளைக்கு அங்கே மரியாதை கூடும், பார்.

அன்புடன்,
அண்ணன்

*

ஏப்ரல் 9

அன்புள்ள அண்ணாவுக்கு,

சின்னவளுக்குக் காய்ச்சல் வந்து போயிற்று. மற்றபடி உடம்புக்கு ஒன்றுமில்லை. நீங்களும் நலமாக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன்.

அவரை வேலையிலிருந்து நிறுத்தி வைத்திருக்கிறார்கள்.

பாதுகாப்பு அதிகாரி கூப்பிட்டு அனுப்பினார். சங்க விஷயமாக இருக்கும் என்று இவரும் போனார். மேசையில் உங்கள் புத்தகம். பக்கத்துக்குப் பக்கம் காகிதத் துண்டு செருகியிருந்ததாம். நீங்கள் கையெழுத்துப் போட்ட பக்கத்தில் அந்த வாசகத்துக்குக் கீழே சிவப்பு மையில் கோடு. நடந்ததை இவர் சொன்னபடியே எழுதுகிறேன்.

"இதை எழுதினவர் உன் மச்சான்தானே?"

"ஆமா சார்."

"எந்தத் துறையில இருந்தார்னு தெரியுமா?"

"தெரியும் சார். குடிதண்ணி வாரியத்துல மீட்டர்..."

"சரி, சரி. அப்படித்தான் சொல்லச் சொல்லியிருப்பாங்க. கேபின்ல விளக்கை ஏன் விட்டுட்டு வர்றே?"

"ஏணியில ஒரு படி இல்ல சார்."

"இந்தப் புத்தகத்துல வர்ற தந்திங்கிறது யாரு?"

"கீழே நின்னு கொக்கி மாட்டுறவன் சார். எதைக் கேட்டாலும் உடனே ஊர்பூரா சொல்லிடுவான். அதான் தந்தி."

"எந்த ஊருக்குச் சொல்லுவான்?"

இவர் சிரித்துவிட்டாராம். அதையும் எழுதிக்கொண்டார்களாம், 'விசாரணையின்போது சிரித்தார்' என்று.

அந்த அதிகாரி முட்டாள் என்று நினைக்காதீர்கள். இவர் சங்கத்தின் துணைச் செயலாளர். படிக்காக, கையுறைக்காக, போன வருஷம் சங்கிலி அறுந்து செத்தவனின் குடும்பத்துக்காக நிர்வாகத்தின் கதவைத் தட்டிக்கொண்டே இருப்பவர். இவரை வெளியே தள்ள அவர்களுக்கு ஒரு சாக்கு வேண்டியிருந்தது. திருடினான் என்றால் நிரூபிக்க வேண்டும். நாட்டைக் காட்டிக்கொடுத்தான் என்றால் சந்தேகமே போதும். அந்தச் சந்தேகத்தை நீங்கள் அச்சடித்து, கையெழுத்துப் போட்டு, தபால் செலவும் செய்து அனுப்பிவைத்தீர்கள்.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது ஒரு கடிதம். 'இது முழுக்கக் கற்பனை. நான் எந்த உளவுத்துறையிலும் இருந்ததில்லை. மீட்டர் படித்தவன். விளக்கு என் தங்கை எழுதிச் சொன்னது.' அவ்வளவுதான். அடுத்த தபாலில் அனுப்புங்கள்.

தங்கை

*

மே 2

பாசமுள்ள பாப்பாவுக்கு,

பதில் தாமதமாகிவிட்டது. ஊர் ஊராகக் கூட்டம். எங்கே போனாலும் தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை. சின்னவளுக்குக் காய்ச்சல் விட்டது கேட்டு நிம்மதி.

மாப்பிள்ளை விஷயம் மனதை அறுக்கிறது. உயர்மட்டத்தில் எனக்குத் தெரிந்தவர்கள் மூலம் பேசிப் பார்க்கிறேன். கடிதமாகக் கொடுப்பதில்தான் சிக்கல். எழுத்தில் ஒன்றைக் கொடுத்தால் அது பத்திரிகைக்குப் போகும். 'கர்னல் வெறும் மீட்டர்காரர்' என்று ஒரு வரி வந்தால் போதும், பதினேழு புத்தகமும் பழைய பேப்பர் கடைக்குப் போய்விடும். சினிமாவுக்கு வேறு கேட்டிருக்கிறார்கள். பதிப்பாளர் பொறுக்கச் சொல்கிறார். காற்று அடிக்கிற நேரத்தில் ஜன்னலைத் திறக்கக்கூடாது என்கிறார்.

மாப்பிள்ளையை ஓய்வெடுக்கச் சொல். இத்தனை வருஷத்தில் அவர் லீவே போட்டதில்லையே.

ஆமாம், அந்த விசாரணை அறை எப்படி இருந்ததாம்? ஜன்னல் உண்டா? அதிகாரி உட்கார்ந்து கேட்டாரா, நடந்துகொண்டே கேட்டாரா? சும்மா தெரிந்துகொள்ளத்தான்.

அன்புடன்,
அண்ணன்

*

மே 11

அண்ணனுக்கு,

நலம் விசாரிக்கும் மனநிலையில் இல்லை.

விசாரணை அறைக்கு ஜன்னல் உண்டு. அதன் வழியாக இவரது கிரேனே தெரியும். அதில் வேறொருவன் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக்கொண்டேதான் இவர் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. அதிகாரி உட்கார்ந்துதான் கேட்கிறார், நிற்பது இவர். எழுதிக்கொள், அடுத்த புத்தகத்துக்கு ஆகும்.

உனக்கு என்ன உயர்மட்டம்? உனக்குத் தெரிந்த ஒரே உயர்மட்டம் மேல்நிலைத் தண்ணீர்த் தொட்டி. ஊரை ஏமாற்று, அது உன் பிழைப்பு. என்னிடமும் கர்னல் வேஷமா? உன் காக்கிச் சட்டைக்குப் பித்தான் தைத்துக் கொடுத்தவள் நான்.

ஏணியில் புதுப் படி வைத்துவிட்டார்கள், தெரியுமா? வருஷக்கணக்காகக் கேட்டும் வைக்காத படியை இவரை நிறுத்தின வாரத்திலேயே வைத்து, பெயிண்ட் காயும் முன்பே போட்டோ எடுத்து, கோப்பில் சேர்த்துவிட்டு இவரைக் கேட்கிறார்கள்: "படி நல்லாத்தானே இருக்கு. அப்புறம் விளக்கு எதுக்கு?"

வீட்டைச் சோதனை போட்டார்கள். ரேடியோவை எடுத்துக்கொண்டு போனார்கள். சின்னவளின் அட்லஸையும். அவள் கடலுக்கு நீலம் அடித்து வைத்திருந்தாள், யாருக்கு அடித்தாய் என்று குழந்தையைக் கேட்கிறார்கள். பள்ளிக்கூடத்தில் அவளுக்கு 'சிக்னல்' என்று பட்டப்பெயர் வைத்தாயிற்று. கம்பெனியில் என்னைக் கழிவறைச் சுவரை ஒட்டிய கடைசி மெஷினுக்கு மாற்றிவிட்டார்கள். நான் தைக்கும் காலரை மட்டும் உள்ளே விரல் விட்டுத் தடவிப் பார்க்கிறார் சூப்பர்வைசர்.

நீ எழுதமாட்டாய் என்று தெரிந்ததும் நானே அதிகாரியிடம் போனேன். எங்கள் அண்ணன் எந்தெந்தத் தெருவில் மீட்டர் படித்தான் என்பதுவரை சொன்னேன். முழுதும் கேட்டுவிட்டுச் சொல்கிறார்: "நல்லா மறைச்சிருக்காங்கம்மா. பெரிய ஆளுங்களுக்கு இப்படித்தான் ஒரு சின்ன உத்தியோகம் காட்டி வைப்பாங்க." பிறகு, "அவருக்கும் எழுதிக் கேட்டோம். பதில் வந்திருச்சு" என்றார். என்ன பதில் என்று கேட்டதற்குக் கோப்பை மூடிவிட்டார்.

அவர்களுக்குப் பதில் போட உனக்கு நேரம் இருந்திருக்கிறது. என்ன எழுதினாய்?

தங்கை

*

ஜூன் 5

பாப்பாவுக்கு,

ரத்த அழுத்தம் ஏறியிருக்கிறது. உப்பைக் குறைக்கச் சொல்லியிருக்கிறார்கள். இங்கே வெயில் கடுமை. அங்கே கடற்காற்று இருக்கும்.

என்னை 'நீ' என்று எழுதியிருக்கிறாய். கோபத்தில் எழுதியது, பரவாயில்லை.

அவர்கள் எழுதிக் கேட்டது உண்மை. ஒரு வரிதான் பதில் போட்டேன். எல்லோருக்கும் சொல்கிற அதே வரி. அதில் மாப்பிள்ளைக்கு எதிராக ஒரு சொல்கூடக் கிடையாது.

சின்னவளுக்குப் புது அட்லஸ் பார்சலில் அனுப்பியிருக்கிறேன். வண்ணப் படங்கள் நிறைய உண்டு.

அண்ணன்

*

ஜூன் 10

அவரைக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கை கழுவக்கூட விடவில்லை.

எங்கே வைத்திருக்கிறீர்கள் என்று அதிகாரியைக் கேட்டேன். "அதைச் சொல்லும் நிலையில் நான் இல்லம்மா" என்றார். உன் வசனம் அரசாங்கம்வரை போய்விட்டது. பெருமைப்பட்டுக்கொள்.

சங்கத்துக்காரர்கள் முறை வைத்து வருகிறார்கள். தந்திதான் சின்னவளைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு போகிறான். எவனாவது 'சிக்னல்' என்று சொல்லிவிடுவானோ என்று பள்ளிக்கூட வாசலில் மணி அடிக்கும்வரை முறைத்துக்கொண்டு நிற்கிறான்.

அந்த அதிகாரிகளின் தலைமை அலுவலகம் உன் ஊரில்தான் இருக்கிறது. நேரில் போ. 'நான் மீட்டர் படித்தவன், எனக்கு எந்த ரகசியமும் தெரியாது' என்று சொல். இதைச் சொல்ல எழுத்தாளன் வேண்டாம், எழுத்துக் கூட்டத் தெரிந்தவன் போதும்.

அட்லஸைத் திருப்பி அனுப்பிவிட்டேன்.

*

ஜூலை 14

பாசமுள்ள பாப்பாவுக்கு,

நீ ஒரு வாய் நிம்மதியாகச் சாப்பிட்டாய் என்று எழுதினால் அதுவே எனக்கு மருந்து. போன காரியம் முடிந்தது. மாப்பிள்ளை இந்தக் கடிதத்துக்கு முன்பே வீடு வந்து சேர்ந்திருப்பார்.

நீ சொன்னபடி நேரில் போனேன். நான் உள்ளே நுழைந்ததும் அறையில் இருந்த அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள். தலைமை அதிகாரியின் அலமாரியில் என் புத்தகங்கள் வரிசையாக இருந்தன. பீங்கான் கோப்பையில் டீ கொடுத்தார்கள். பக்கத்திலேயே உட்கார்ந்து பேசினார். நான் கிளம்பும் முன்பே போனை எடுத்துவிட்டார்.

என்ன பேசினோம் என்பதெல்லாம் வேண்டாம். புரிய வேண்டியவர்களுக்குப் புரிந்தது.

இனியாவது 'அண்ணா' என்று எழுது.

அன்புடன்,
அண்ணன்

*

ஆகஸ்ட் 20

அண்ணா,

நீ கேட்டபடி எழுதிவிட்டேன்.

அவர் வந்தார். பாதி ஆளாக வந்தார். ஜீப்பில் கொண்டுவந்து விட்டார்கள். பழைய அதிகாரியே இறங்கிக் கதவைத் திறந்து, தெரு பூராவும் பார்க்க சல்யூட் அடித்தார். "முன்னாடியே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே சார்" என்றார். கை கழுவ விடாமல் இழுத்துக்கொண்டு போன அதே ஆள் 'சார்' என்கிறார்.

மறுநாள் வேலைக்குப் போனால் கேபினில் மெத்தை வைத்த நாற்காலி. புதிதாக ஒரு மின்விசிறி. கேட்டில் காவலாளி பையைச் சோதிக்கவில்லை. ஆனால் டீக்கடையில் இவர் போய் நின்றதும் பெஞ்சில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள்.

இவர் உள்ளே இருந்த நாட்களில் சங்கத்தில் மூன்று பேரை வேலையைவிட்டு எடுத்திருக்கிறார்கள். பெயரை யார் கொடுத்தது என்று எல்லோரும் யோசித்துக்கொண்டிருந்தார்கள். இவர் ஜீப்பில் வந்து, சல்யூட் வாங்கி, மெத்தையில் உட்கார்ந்ததும் அவர்களுக்கு விடை கிடைத்துவிட்டது.

கிரேனிலிருந்து குனிந்து, "தந்தி, மாட்டுடா" என்று இவர் கூப்பிட்டிருக்கிறார்.

"மேல கேட்டுட்டு மாட்டட்டுமா?" என்றானாம் அவன்.

இவர் இறங்கி வந்து அவன் கையைப் பிடித்திருக்கிறார். அவன் உதறிவிட்டான். "எப்பலேருந்துய்யா அவங்க ஆளு நீ? உன் பொண்ணைக் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போனேன். அதையும் எழுதிக் குடுத்தியா? எத்தனை மணிக்குக் கூட்டிட்டுப் போனேன்னு விவரமாக் குடுத்தியா?"

இதை வீட்டுக்கு வந்து இவர்தான் சொன்னார்.

நான் அதிகாரியிடம் போனேன். இப்போது எனக்கும் நாற்காலி உண்டு. கேட்டேன். சந்தோஷமாகவே சொன்னார்: "உங்க அண்ணன் ஒண்ணும் சொல்லலம்மா. தலைமை அலுவலகத்துல 'அந்த கிரேன்காரர் நம்ம ஆளா சார்'னு கேட்டிருக்காங்க. சிரிச்சாராம். டீயைக் குடிச்சாராம். அது போதாதா? நாங்க தெரியாம நம்ம ஆள் மேலேயே கை வெச்சுட்டோம்."

நம்ம ஆள். உன் புத்தகங்களில் உளவாளி என்றால் இரண்டு வகை, அவர்கள் ஆள், நம்ம ஆள். எதிரி நாட்டு உளவாளியைக் கண்டால் துறைமுகத்தில் வேடிக்கை பார்ப்பார்கள். நிர்வாகத்தின் உளவாளியைக் கண்டால் காறித் துப்புவார்கள். நேற்று எங்கள் வாசல்படியில் துப்பியிருந்தது. நான்தான் கழுவினேன்.

வாயைத் திறக்கத்தானே உன்னை அனுப்பினேன். டீ குடிக்கவா?

தங்கை

*

செப்டம்பர் 8

பாப்பாவுக்கு,

எனக்கும் கோபம் வரும். நான் மனுஷன்தான்.

உண்மையைச் சொல்லத்தான் போனேன். நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் அவர் கேட்ட விதம் உனக்குத் தெரியாது. எழுந்து நின்று, குரலைத் தாழ்த்தி, என் வாயையே பார்த்துக்கொண்டு கேட்டார். மீட்டர் படிக்கப் போன வீடுகளில் என்னை யாராவது அப்படிப் பார்த்திருக்கிறார்களா? நாயை அவிழ்த்துவிடுவார்கள். கொல்லைப்புறமாக வா என்பார்கள். தாகத்துக்குக் கேட்டால் தோட்டத்துக் குழாயைக் காட்டுவார்கள், அவர்கள் வீட்டுத் தண்ணீரைக் கணக்கெடுக்கப் போன எனக்கு. அந்த ஆளை மறுபடி கூட்டிக்கொண்டு வந்து அந்த அறையில் நிறுத்த என்னால் முடியவில்லை.

சரி, சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? மாப்பிள்ளை உள்ளேயே இருந்திருப்பார். இப்போது நான் போய்ச் சொன்னாலும் மறுபடி உள்ளே வைப்பார்கள். அதுவா வேண்டும்? வெளியே வரவேண்டும் என்று கேட்டாய். வந்தார். தொழிலாளிகளின் கோபம் நாலு சம்பள நாளில் ஆறிப்போகும்.

அடுத்த நாவலில் ஒரு கிரேன் ஓட்டுநர்தான் கதாநாயகன். நம்ம நாட்டுக்காக ரகசியமாக உழைக்கிறவன். இந்த முறை தோள் இரண்டும் நேராக இருக்கும்.

முதுகுவலி அதிகம். உட்கார முடியவில்லை.

அண்ணன்

*

செப்டம்பர் 19

மச்சானுக்கு வணக்கம்.

உங்களுக்கு நான் எழுதும் முதல் கடிதம் இது. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும். உங்கள் தங்கை எழுதச் சொல்லவில்லை. உங்கள் பேச்சை எடுத்தாலே அவளுக்குத் தையல் கோணலாகப் போகிறது. நாங்கள் உயிரோடு இருக்கிறோம். நீங்களும் சுகமாக இருக்கவும்.

உள்ளே என்னை அடித்தார்கள். அதை வீட்டில் சொல்லவில்லை. நீங்களும் சொல்லிவிட வேண்டாம். சொல்லாமல் இருப்பது உங்களுக்குக் கைவந்த வேலை என்பதால் தைரியமாக எழுதுகிறேன். ஆனால் அடி வாங்கிய நாட்களிலும் எனக்குத் தூக்கம் வந்தது. வெளியே என் ஆட்கள் நிற்கிறார்கள் என்று தெரியும். இப்போது வீட்டில் படுத்திருக்கிறேன், தூக்கம் இல்லை.

எங்கள் வேலையைப் பற்றி நீங்கள் நிறையக் கேட்டு எழுதினீர்கள். இதைக் கேட்கவில்லை. மேலே உட்கார்ந்திருப்பவனுக்குச் சுமையின் அடிப்பக்கம் தெரியாது. கீழே நிற்பவனின் கைதான் எனக்குக் கண். அவன் கை அசைந்தால்தான் நான் கொக்கியை அசைப்பேன். அவன் தலைக்கு மேலே நான் இரும்பைத் தொங்கவிடுகிறேன். அவன் என்னை நம்பி அதற்குக் கீழே நின்று வேலை செய்கிறான். எங்கள் சங்கம் என்பது அதுதான். கொடி, ரசீது எல்லாம் அதற்குப் பிறகு.

போன வாரம் தந்தி ஒதுங்கிப் போய்ச் சுவர் ஓரமாக நின்று கை காட்டினான். என் இரும்புக்குக் கீழே நிற்க அவனுக்குப் பயம். எனக்கு அதற்குமேல் கொக்கியை இறக்கத் தோன்றவில்லை. எந்திரத்தை நிறுத்திவிட்டு இறங்கி வந்துவிட்டேன்.

திங்கட்கிழமை ஷிப்ட் மாறும்போது கேட்டில் நின்று மைக்கில் சொல்லப் போகிறேன். நான் அவர்கள் ஆளும் இல்லை, இவர்கள் ஆளும் இல்லை, என் மச்சான் மீட்டர் படித்தவர் என்று. அதையே அதிகாரியிடமும் எழுதிக் கொடுக்கப் போகிறேன். பத்திரிகைக்காரர்களுக்கும் சொல்லியாயிற்று. உங்களிடம் கேட்க வருவார்கள். ஆமாம் என்று நீங்கள் சொன்னால் வீட்டுக்கு வருவேன். உங்கள் பழைய வரியைச் சொன்னால், நம்ம ஆள் இல்லை என்று நானே எழுதிக் கொடுத்த பிறகு, எதிரி ஆள் என்றாகி உள்ளே போவேன். இரண்டுக்கும் தயாராகத்தான் இருக்கிறேன். உங்கள் தங்கையிடம் இதை மட்டும் சொல்லிவிட்டேன். "போய்ச் சொல்லு, நான் கூட நிக்கிறேன்" என்றாள்.

உட்கார முடியவில்லை என்று எழுதியிருந்தீர்கள். கொஞ்ச நேரம் நின்று பாருங்கள்.

மாப்பிள்ளை

*

அக்டோபர் 1

உனக்கு,

பத்திரிகையில் உன் படம் பார்த்தேன். கூலிங்கிளாஸ் போட்டு, கதவைப் பாதி திறந்துகொண்டு நிற்கிறாய். உடம்பு நன்றாகத்தான் தெரிகிறது. கீழே உன் வரியைப் போட்டிருக்கிறார்கள். இந்த முறை பல்வலி இல்லையே?

திங்கட்கிழமை நடந்ததை எழுதுகிறேன். நீ கதையாக்குவாய், ஆக்கிக்கொள்.

கேட்டில் இவர் மைக்கைப் பிடித்துப் பேசினார். இரண்டு ஷிப்ட் ஆட்களும் நின்று கேட்டார்கள். பின்னாலிருந்து ஒருவன் மட்டும், "இதுவும் மேலேயிருந்து எழுதிக் குடுத்ததா?" என்று கத்தினான். இவர் மைக்கைக் கீழே வைத்துவிட்டு அங்கேயே நின்றார். அவரவர் டிபன் பையை எடுத்துக்கொண்டு கலைய ஆரம்பித்தார்கள்.

நாங்கள் வீட்டுக்கு வந்தோம். உன் பதில் அச்சாகி வந்த அன்று ஜீப் வந்தது. இவர் வீட்டில் காத்திருக்கவில்லை, ஷிப்ட் மாறும் நேரத்தில் கேட்டுக்கே போய் நின்றார். எல்லோர் முன்னாலும்தான் பிடித்தார்கள். சல்யூட் அடித்த அதே அதிகாரி, அதே கையால், சட்டையைப் பிடித்து இழுத்தார். காலர் கிழிந்தது. அது நான் தைத்த சட்டை.

ஜீப் நகரவில்லை. முன்னால் தந்தி நின்றுகொண்டிருந்தான்.

"தள்ளுடா" என்றார் அதிகாரி.

"அந்த ஆள் என்ன சார் பண்ணினார்?"

"சொல்ல முடியாது."

"அப்ப என்னாலயும் தள்ள முடியாது சார்."

அவனை அடித்துத்தான் விலக்கினார்கள். மண்டையில் தையல் போட்டிருக்கிறது. கட்டோடு மறுநாள் காலையில் வந்து கேட்டுக்கு எதிரே உட்கார்ந்தான். கொக்கி மாட்டுகிறவர்கள் அத்தனை பேரும் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்கள். அப்புறம் கிரேன் ஓட்டுகிறவர்களும். வேலையைவிட்டு எடுத்த மூன்று பேரும் வந்தார்கள். அதில் ஒருவர் என்னிடம் வந்து, "நாங்க தப்பா நினைச்சுட்டோம்மா" என்றார். எனக்கு அவர்மேலும் கோபம்தான். ஆனாலும் பக்கத்தில் உட்கார இடம் விட்டேன்.

இன்று துறைமுகத்தில் ஒரு கொக்கியும் இறங்கவில்லை. கப்பல்கள் வெளியே நிற்கின்றன. இவரை விடும்வரை நிற்கும் என்கிறார்கள். எத்தனை நாள் தாங்குவார்கள், எனக்குத் தெரியாது. இவர் எங்கே இருக்கிறார் என்றும் தெரியாது. தூங்குவார் என்று மட்டும் தெரியும்.

பத்திரிகைக்காரர்கள் என்னிடமும் வந்தார்கள். எல்லாவற்றையும் சொன்னேன். நீ மீட்டர் படித்த தெருக்கள், உன்னைக் கண்டால் கதவைச் சாத்திய வீடுகள், நாய்க்குப் பயந்து நீ சுவர் ஏறிய கதை, எல்லாம். நம்புவார்களோ, இன்னும் பெரிய ரகசியம் என்று நினைப்பார்களோ, அது அவர்கள் பாடு.

எனக்கு இனி எழுத வேண்டாம். உடம்பு எப்படி என்று கேட்டும் எழுத வேண்டாம்.

இதைக் கேட்டுக்கு எதிரே மண்ணில் உட்கார்ந்து, முழங்காலில் வைத்துத்தான் எழுதுகிறேன். மைக்கில் என்னைக் கூப்பிடுகிறார்கள். கூட்டத்தில் பேசிப் பழக்கமில்லை. போய்ப் பேசுகிறேன்.

கிரேன் ஓட்டுபவரின் மனைவி